கோராவும் மின்விசைப் பலகையும்: ‘வில்லேஜ் லைஃப்’ இசைத்தட்டு பற்றிய ஒரு நோக்கு

இருவேறு இசை மரபுகள் ஒரே இசைத்தட்டில் இடம்பெறும்பொழுது அதனைச் ‘சங்கமம்’ என்றும் ‘கலப்பிசை’ என்றும் வரவேற்பது விமர்சகர்களிடையே வழக்கமாகிவிட்டது. இத்தகைய வரவேற்பிலே நல்லெண்ணம் உண்டு. விமர்சனம் மிகக் குறைவு. கலந்தவை எவை என்று சொல்லுவதோடு அது நின்றுவிடுகின்றது. எதன் விதிக்கு எது கட்டுப்பட்டது, எவர் எதனை விட்டுக்கொடுத்தார், கலப்பின் பின்னர் எவருடைய பெயர் எஞ்சியது என்னும் வினாக்கள் எழுப்பப்படுவதில்லை. ஒரு சமூகத்தின் இசைக்கருவி இன்னொரு சமூகத்தின் ஒலிப்பதிவுக் கூடத்தினுள் நுழையும்போது, அவ்விரு சமூகங்களின் வலிமை வேறுபாடும் கூடவே நுழைகின்றது. ஆதலின் இவ்வினாக்களைப் புறந்தள்ளிவிட்டுச் செய்யப்படும் இரசனை அரைகுறையானதே.

1984ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்திலே ரோக்கியோ நகரில் ஒலிப்பதிவு செய்யப்பெற்று, 1985இல் கொலம்பியா நிறுவனத்தின் வெளியீடாக வந்த ‘வில்லேஜ் லைஃப்’, அதாவது ‘கிராம வாழ்க்கை’, என்னும் ஜாஸ் இசைத்தட்டு இவ்வினாக்களை எழுப்பிப் பார்ப்பதற்கு மிகவும் ஏற்றது. அதில் பங்குகொண்டோர் இருவரே. ஒருவர் அமெரிக்கக் கறுப்பினப் பியானோக் கலைஞர் ஹேர்பி ஹன்கொக். மற்றவர் மேற்கு ஆபிரிக்காவின் கம்பியா நாட்டைச் சேர்ந்த கோராக் கலைஞர் பொடே மூசா சூசோ. ஹன்கொக் தமது வழக்கமான பியானோவை விடுத்து யமகா நிறுவனத்தின் டி.எக்ஸ். 1 என்னும் மின்விசைக் கருவியையும் ஓர் இயந்திர முரசினையும் கையாண்டார். சூசோ கோரா வாசித்தார், பேசும் முரசு எனப்படும் தோற்கருவியை இசைத்தார், பாடினார். ஒலியின்மேல் ஒலியாகப் பின்னர் அடுக்கிச் சேர்க்கும் முறை கையாளப்படவில்லை. இருவரும் நேருக்குநேர் இருந்து வாசித்ததே பதிவாயிற்று. இரண்டு மனிதர், சிலவே கருவிகள்: எவர் எவரைப் பின்தொடருகிறார் என்பதை மறைப்பதற்கு இவ்விசைத்தட்டிலே இடமில்லை.

ஹன்கொக் 1940இல் சிக்காகோ நகரிலே பிறந்தவர். பதினொரு வயதிலே சிக்காகோ சிம்பொனி இசைக்குழுவுடன் மொசாட்டின் பியானோ இசையை வாசித்தவர். 1963 முதல் மைல்ஸ் டேவிஸின் ஐவர் குழுவில் இடம்பெற்று, ஜாஸ் இசையிலே பியானோவின் பணி யாது என்பதை மறுபரிசீலனைக்கு உள்ளாக்கியவர்களுள் ஒருவர். 1983இல் ‘ரொக்கிற்’ என்னும் இசைத்துண்டின் மூலம், இயந்திரத் தாளமும் இசைத்தட்டைக் கையாற் சுரண்டி எழுப்பும் ஒலியும் கொண்ட நகர்ப்புற இளைஞர் இசையிலே பெருவெற்றி பெற்றார். அவ்வெற்றியின் சூடு தணியுமுன்னரே ‘வில்லேஜ் லைஃப்’ பதிவாகியது என்பது மனங்கொள்ளத்தக்கது. சந்தை அவரிடம் அப்பொழுது எதிர்பார்த்தது இதனையன்று.

சூசோ 1950இல் கம்பியாவின் கிராமம் ஒன்றிலே, மண்டிங்கா மக்களின் ‘ஜலி’ குலத்திலே பிறந்தவர். 1977இல் சிக்காகோவிற் குடியேறி, அந்நகரத்துத் தாளக் கலைஞர்களோடு சேர்ந்து ‘மண்டிங்கோ கிரியோ சொசைற்றி’ என்ற குழுவை அமைத்தார். ஹன்கொக் பிறந்த நகரத்துக்கே சூசோ வந்து சேர்ந்தமை தற்செயல்தான். எனினும் வடக்கே வேலைதேடிப் பெயர்ந்த அமெரிக்கக் கறுப்பின மக்களின் பெருநகரமாகச் சிக்காகோ இருந்திராவிடின், மேற்கு ஆபிரிக்கக் கருவி ஒன்றுக்கு அங்கு செவிகொடுப்போர் அத்துணை எளிதிற் கிடைத்திரார்.

ஜாஸ் கலைஞர் ஆபிரிக்காவை நோக்கியமை இவ்விசைத்தட்டோடு தொடங்கியதன்று. 1960ஆம் ஆண்டு ஆபிரிக்க நாடுகள் பதினேழு ஒரே ஆண்டில் விடுதலை பெற்ற காலத்திலே ரண்டி வெஸ்டன் ‘உஹுறு ஆபிரிக்கா’ என்னும் தொடர் இசையைப் பதிவு செய்தார். சுவாகிலி மொழியில் ‘உஹுறு’ என்பது விடுதலை என்று பொருள்படும். அவ்விசைத்தட்டு தென்னாபிரிக்காவின் நிறவெறி அரசினால் தடைசெய்யப்பட்டதும் உண்டு. நைஜீரியரான பாபாதுண்டே ஒலாற்றுஞ்சியின் முரசுகள் வெஸ்டனின் பதிவிலும் வேறு பல ஜாஸ் பதிவுகளிலும் ஒலித்தன. 1961இல் ஜோன் கோல்ற்றேன் ‘ஆபிரிக்கா’ என்ற பெயரிலேயே ஒரு நீண்ட இசைத்துண்டைப் பதிந்தார். ஹன்கொக் தாமும் 1970களின் தொடக்கத்திலே ‘முவாண்டிஷி’ என்ற சுவாகிலிப் பெயரைச் சூடிக்கொண்டு, அப்பெயராலேயே அறியப்பட்ட குழுவொன்றை நடத்தினார். இவையெல்லாம் அரசியல் முக்கியத்துவம் வாய்ந்த செயல்கள். ஆயினும் இவற்றிற் பெரும்பாலானவற்றில் ஆபிரிக்கா ஒரு பெயராக, ஓர் உணர்ச்சியாக, மிஞ்சிப்போனால் தாளமாக மட்டுமே நின்றது. அடியிலே ஆபிரிக்க முரசு, மேலே ஜாஸின் சுரக்கட்டு என்னும் அடுக்குமுறை அசையவில்லை. தாளம் ஆபிரிக்கருக்கு, சிந்தனை மேனாட்டுக்கு என்ற பழைய குடியேற்றவாதப் பாகுபாடு, அதனை வெறுத்தவர்களின் இசையிலேயே தன்னையறியாமல் தங்கியிருந்தது எனலாம்.

இவ்விடத்து ஹன்கொக்கின் முந்தைய இசைத்தட்டு ஒன்றைச் சற்று விரிவாக நோக்குதல் வேண்டும். 1973இல் வெளியான ‘ஹெட் ஹன்ரர்ஸ்’ இசைத்தட்டிலே ‘வோட்டர்மெலன் மான்’ என்ற பாடலிசை புதுவடிவிலே இடம்பெற்றது. 1962இல் அவர் முதன்முதலாக ஆக்கிய காலத்திலே அது நேரான ஜாஸ் துண்டு. 1963இல் கியூபத் தாளக் கலைஞர் மொங்கோ சந்தமரியா அதனைப் பெரும் புகழடையச் செய்தார். 1973ஆம் ஆண்டின் வடிவம் விநோதமான ஊதொலி ஒன்றோடு தொடங்குகின்றது. தாளக் கலைஞர் பில் சமர்ஸ் ஒரு பியர்ப் போத்தலின் வாயில் ஊதியும், இடையிடையே குரல் கொடுத்தும் எழுப்பிய ஒலி அது. மத்திய ஆபிரிக்கக் காடுகளில் வாழும் பா-பென்செலே மக்களின் ‘ஹிண்டேவூ’ என்னும் இசைமுறையே அதன் மூலம். ஒரே சுரத்தை மட்டும் தரக்கூடிய சிறு குழலை ஊதி, அந்த ஊதலின் இடைவெளிகளைத் தம் குரலால் நிரப்பி, ஒருவரே இருவர்போல இசைக்கும் அரியதொரு முறை அது. வேட்டையிலிருந்து மீள்வோரின் வருகையை அறிவிக்க அது பயன்படும். சிமா ஆரோம் என்னும் ஆய்வாளரும் அவர்தம் உடனுழைப்பாளரும் அக்காட்டிலே செய்த ஒலிப்பதிவு 1966இல் இசைத்தட்டாக வெளிவந்தமையாலேயே அது அமெரிக்கக் கலைஞரின் காதை எட்டியது.

போத்தலில் ஊதிய அந்தப் பகுதி இனிமையானது என்பதில் ஐயமில்லை. ஆனால் பின்னர் நிகழ்ந்தது யாது? 1994இல் பாடகி மடோனாவின் பாடல் ஒன்றிலே ‘வோட்டர்மெலன் மான்’ பதிவின் கூறு எடுத்தாளப்பட்டபோது ஆக்கியோர் வரிசையில் ஹன்கொக்கின் பெயர் சேர்ந்தது. பா-பென்செலே மக்களின் பெயர் சேரவில்லை. மானிடவியலாளரும் இசை ஆய்வாளருமான ஸ்டீவன் ஃபெல்ட் இச்சங்கிலியை 1996இல் விரிவாக ஆராய்ந்து, காட்டிலே தொடங்கிய ஓர் இசைமுறை கைமாறிக் கைமாறிச் செல்லும்போது உரிமையும் ஊதியமும் எந்தக் கையிலே தங்குகின்றன என்பதை வெளிக்கொணர்ந்தார். ஒடுக்கப்பட்ட இனத்தவராகிய ஒரு கலைஞர், தம்மினும் வலிமை குன்றிய இன்னொரு மக்களின் செல்வத்தை எவ்விதத் தீய எண்ணமும் இன்றியே எடுத்துக்கொள்ள முடியும் என்பதற்கு இது சான்று. சகோதரத்துவ உணர்வு இருந்தால் மட்டும் போதாது. சகோதரன் அறையினுள் இருக்கவும் வேண்டும்.

‘வில்லேஜ் லைஃப்’ பதிவிலே அவர் அறையினுள் இருக்கிறார். அவருடைய பெயர் இசைத்தட்டின் முகப்பிலும் இருக்கின்றது. ஆனால் நேரில் இருத்தல் மட்டுமே சமத்துவம் ஆகிவிடாது. அதே 1984இல் வெளியான ஹன்கொக்கின் ‘சவுண்ட் சிஸ்ரம்’ இசைத்தட்டிலும் சூசோ இருந்தார். அந்த ஆண்டு லொஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக் விளையாட்டுகளுக்கென ஆக்கப்பட்டு அதில் இடம்பெற்ற ‘ஜுன்கு’ என்ற துண்டிலே கோரா கேட்கிறது; ஆனால் இயந்திரத் தாளமும் மின்னொலிகளும் நெருக்கமாக இழைத்த துணியின்மேல் பின்னர் தைத்த சரிகைபோலவே கேட்கிறது. கழற்றிவிட்டாலும் துணி கிழியாது. ஒரே கலைஞர்கள், ஒரே ஆண்டு, ஒரே கருவி, பெறுபேறு வேறு. இந்த வேறுபாட்டின் காரணத்தைக் கருவியின் அமைப்பிலும் இசையின் உருவத்திலும் தேடவேண்டும்.

கோரா யாழ் இனத்தைச் சார்ந்தது. யாழ் என்னும் சொல்லை ஈண்டு வகைப்பெயராகக் கொள்ளல் வேண்டும். பெரிய சுரைக்குடுக்கையின் பாதியை மாட்டுத் தோலால் மூடி, நீண்ட மரத்தண்டு ஒன்றை அதனூடே செலுத்தி, இருபத்தொரு நரம்புகளைத் தண்டோடு பிணைத்திருப்பர். நரம்புகளைத் தாங்கும் குதிரை, வீணையிற்போலக் கிடையாக அன்றித் தோலின்மேல் செங்குத்தாக நிற்கும். அதன் இரு பக்கங்களிலும் வெட்டிய பள்ளங்களில் நரம்புகள் இரு நிரல்களாகச் செல்லும்: இடப்புறம் பதினொன்று, வலப்புறம் பத்து. வாசிப்பவர் கருவியின் முகம் தம்மை நோக்க வைத்துக்கொண்டு, இரு கைப்பிடிக் கோல்களைப் பிடித்தவாறே இரு கைகளின் பெருவிரலாலும் சுட்டுவிரலாலும் மட்டும் மீட்டுவார். அடுத்தடுத்த சுரங்கள் பெரும்பாலும் மாறிமாறி இருபக்கமும் அமைந்திருத்தலால், ஒரு சுர வரிசையை ஏறி இறங்குவதற்கே இரு கைகளும் ஒன்றுக்கொன்று விடைசொல்லியாக வேண்டும்.

பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் கம்பியா ஆற்றுவழியே பயணம் செய்த மங்கோ பார்க், 1799இல் வெளிவந்த தமது நூலிலே இக்கருவியின் முன்னோடி ஒன்றைக் குறிப்பிட்டுள்ளார். ஆயினும் கோராவைத் ‘தொன்றுதொட்டு மாறாத’ கருவி என எண்ணுதல் தவறு. முன்னர் தோலை முறுக்கிச் செய்த நரம்புகளின் இடத்தை இருபதாம் நூற்றாண்டிலே மீன்பிடிக்கும் நைலோன் இழை பிடித்துக்கொண்டது. இன்று நாம் ‘மரபு ஒலி’ என்று மெய்மறந்து கேட்கும் கோராவின் துல்லியமான நாதம் பெரிதும் இந்த நைலோன் இழையின் கொடை. சூசோ தாமே பின்னாளில் உலோகத்தாலான மின்கோராவையும் வாசித்தார். ‘மரபு’ ஒருபுறம், ‘நவீனம்’ மறுபுறம் என்று கோடு கிழித்து இவ்விசைத்தட்டை அணுகுவோர் முதலடியிலேயே இடறுவர்.

ஜலி என்போர் வெறும் இசைவாணர் அல்லர். பிரெஞ்சு வழக்கில் ‘கிரியோ’ என்று அறியப்படும் இவர்கள், பிறப்பால் தொழில் பெற்றவர். அரச குலங்களின் வழிமுறையையும் போர்களையும் உடன்படிக்கைகளையும் மனத்திற் பதித்து வைத்திருந்து உரிய வேளையில் எடுத்துரைப்பவர். பூசலிடுவோர் நடுவே தூது செல்பவர். பதின்மூன்றாம் நூற்றாண்டில் மாலிப் பேரரசை நிறுவிய சுன்ஜாதாவின் வரலாறு இவர்களின் நாவிலேயே வாழ்ந்து வந்தது. தந்தை தன் மகனுக்குத் தானே முழுமையாகப் பயிற்றாது இன்னோர் ஆசானிடம் அனுப்பிவைக்கும் வழக்கம் இவர்களிடம் உண்டு. சூசோவும் அவ்வாறே அனுப்பப்பட்டுப் பயின்றவர். கோராவை முதன்முதல் ஆக்கியவர் எனக் கருதப்படும் ஜலியின் வழிவந்தவராக அவருடைய குடும்பத்தினர் தம்மைக் கூறிக்கொள்வர். இத்தகைய பின்னணியோடு வந்த ஒருவருடைய இசைக்கு ‘கிராம வாழ்க்கை’ என்று பெயர் சூட்டப்பட்டமை கவனிக்கத்தக்கது. ஜலியின் கலை அரசவையையும் புரவலரையும் வரலாற்றையும் சார்ந்தது. நாட்டுப்புறத்தின் எளிய பொழுதுபோக்கு அன்று. மொசாட்டின் இசைக்கு ‘நகர வாழ்க்கை’ என்று பெயரிட எவரும் துணியார். ஆபிரிக்கா என்றதும் கிராமமே நினைவுக்கு வருகின்ற மேனாட்டு நுகர்வோனின் பழக்கத்துக்கு இத்தலைப்பு இடங்கொடுத்துவிட்டது என்றே கூறத்தோன்றுகின்றது.

இனி உருவத்துக்கு வருவோம். கோரா இசையிலே இரு கூறுகள் அடிப்படையானவை. ஒன்று ‘கும்பெங்கோ’: பெருவிரல்களால் இடைவிடாது சுழன்று வரும் அடித்தளச் சுழல். மற்றது ‘பிரிமின்திங்கோ’: அச்சுழலினின்றும் பீறிட்டெழுந்து ஓடி மீண்டும் அதிலேயே வந்து விழும் விரைவோட்டம். ஜலி பாடும்போது சுழல் தாங்கி நிற்கும். பாட்டு ஓயும்போது ஓட்டம் எழும். கருவியின் ஏழு சுரங்களும் வாசிப்புக்கு முன்னரே தண்டிலுள்ள தோல் வளையங்களை நகர்த்திச் சுருதி கூட்டப்பட்டவை. இச்சுருதி கூட்டல்கள் பல வகைப்படும். சிலவற்றிற் பியானோவின் இரு கட்டைகளுக்கு இடைப்பட்ட இடத்திலே சுரம் நிற்கும். தொடங்கிய பின்னர் நடுவழியிலே வேறு சுரத்தொகுதிக்குத் தாவ இயலாது. ஒரு துண்டு எந்தச் சுருதியிலே புறப்பட்டதோ அதிலேயே முடியும்.

ஜாஸ் பியானோக் கலைஞனின் தலைமைச் செல்வம் இதற்கு நேர்மாறானது. பல சுரங்களை ஒருங்கே ஒலிப்பித்து அமைக்கும் சுரக்கட்டுகளை ஒன்றன்பின் ஒன்றாக நகர்த்தி, கேட்போனை ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு இட்டுச் செல்லுதலே அவனுடைய கலை. பன்னிரு சுரங்களும் அவன் விரலுக்குக் கீழே கிடக்கின்றன. ஹன்கொக் அக்கலையின் உச்சத்தை எட்டியவர். கோராவின் அருகே அமர்ந்தபோது அவர் முன் இருந்த வழிகள் இரண்டு. தம் சுரக்கட்டுகளை நகர்த்தி, அசையாத கோராவை அவற்றின்மேல் மிதக்கும் அணியாக ஆக்கிவிடலாம். ‘ஜுன்கு’ போன்ற துண்டுகளின் வழி அது. அன்றேல் பன்னிரண்டில் ஐந்தைக் கைவிட்டு, நகர்வையும் கைவிட்டு, கோராவின் சுழலுக்குள்ளேயே தமக்கு ஓர் இடம் தேடலாம். ‘வில்லேஜ் லைஃப்’ இரண்டாவது வழியைத் தேர்ந்தது. அவ்விசைத்தட்டின் பெறுமதி முழுவதும் இந்த ஒரு தேர்விலே தங்கியிருக்கிறது என்பது எமது கருத்து.

இத்தேர்வு வானத்திலிருந்து குதித்ததன்று. 1959இல் மைல்ஸ் டேவிஸின் ‘கைண்ட் ஒஃப் புளூ’ வந்ததிலிருந்து, சுரக்கட்டு நகர்வைக் குறைத்து ஒரு சுரத்தொகுதிக்குள்ளேயே நெடுநேரம் உலவும் போக்கு ஜாஸிலே வளர்ந்து வந்தது. ஹன்கொக்கின் 1965ஆம் ஆண்டுப் படைப்பாகிய ‘மெய்டன் வொயேஜ்’ அப்போக்கின் சிறந்த விளைவுகளுள் ஒன்று. எனவே கோராவிடம் வந்தபோது அவர் வெறுங்கையுடன் வரவில்லை. ஒரே இடத்தில் நின்றுகொண்டே பயணம் செய்ய அவர் ஏற்கெனவே பழகியிருந்தார்.

இசைத்தட்டின் முதற்பக்கத்தில் மூன்று துண்டுகள். ‘மூன் லைட்’ மென்மையானது. இருவரும் ஒருவரையொருவர் தயக்கத்தோடு அறிந்துகொள்ளும் வேளை போன்றது. ‘ண்டான் ண்டான் ந்யாரியா’வில் இருவரின் பிடி இறுகுகின்றது. ‘ஏர்லி வோர்ணிங்’ மூன்று நிமிடத்துக்கு உட்பட்ட சிறுதுண்டு. அதனைப் பற்றி அதிகம் கூற வேண்டியதில்லை. மறுபக்கம் முழுவதையும் ‘கனத்தெந்தே’ என்ற ஒரே துண்டு நிறைக்கின்றது. ஏறத்தாழ இருபது நிமிடம் நீளும் இதிலேயே இவ்விசைத்தட்டின் சாதனையைத் தேடவேண்டும்.

‘கனத்தெந்தே’யை முதன்முறை கேட்போருக்கு அது நீண்டுவிட்டதாகவே தோன்றும். எங்கோ கொண்டுபோய்ச் சேர்க்கும் என்று காத்திருக்கும் காது ஏமாறுகின்றது. மறுமுறை கேட்கும்போது ஏமாந்தது காதன்று, அதன் பழக்கமே என்பது புலனாகும். சுழல் திரும்பத் திரும்ப வருகின்றது. ஆனால் எந்த நரம்பு அழுத்தம் பெறுகின்றது, எந்த இடத்தில் ஓட்டம் கிளைக்கின்றது என்பன மாறிக்கொண்டே இருக்கின்றன. ஹன்கொக் செய்வது பெரும்பாலும் சிறிய காரியங்கள். கோரா விட்டுச்சென்ற இடைவெளியிலே ஒரு சொல் வைப்பதுபோலச் சில சுரங்களை வைக்கிறார். சூசோவின் ஓட்டம் ஒன்றின் வாலைப் பிடித்துத் தம் விரலாலே தொடர்ந்து பார்க்கிறார். எங்கே கோரா முடிந்தது, எங்கே விசைப்பலகை தொடங்கியது என்று பிரித்தறிய முடியாத கணங்கள் உண்டு. இசைக்கலைஞர் ஒருவர் தமது கையொப்பத்தை இத்துணை மறைத்துக்கொள்வது எளிதன்று. புகழின் உச்சியில் நிற்கும்போது மேலும் அரிது.

இவ்வொற்றுமைக்குக் கருவித் தேர்வும் காரணம். டி.எக்ஸ். வரிசைக் கருவிகள், ஸ்ரான்போர்ட் பல்கலைக்கழகத்தில் ஜோன் சௌனிங் 1967இல் கண்டறிந்த முறையொன்றினால் ஒலியை ஆக்குபவை: ஓர் அலையின் அதிர்வெண்ணை இன்னோர் அலையைக் கொண்டு மாற்றி ஒலியைத் தோற்றுவித்தலே அம்முறை. மணியோசை, மீட்டிய நரம்பின் ஓசை முதலியவற்றில் அது சிறப்பாகக் கைகொடுத்தது. கூர்மையாகத் தொடங்கி விரைந்து தேயும் கோராவின் ஒலிக்கு அது இனமானது. விரலின் அழுத்த வேறுபாட்டை உணரும் விசைப்பலகையாதலின் வாசிப்போனின் கையும் அதில் மறையவில்லை. கருவியின் அடிப்படைச் சுருதியை மேலும் கீழும் நகர்த்துவதும் எளிது. பியானோவிலே இவ்விணக்கம் கிட்டியிராது. அதன் கனத்த நாதம் சுரைக்குடுக்கையின் குரலை விழுங்கியிருக்கும். ஆபிரிக்க மரபுக்கருவியோடு இணையவேண்டுமெனில் மின்கருவியைக் கைவிட்டு ‘இயற்கை’ ஒலிக்குத் திரும்பவேண்டும் என எண்ணுவோருக்கு இவ்விசைத்தட்டு நல்ல மறுப்பு. எதிரி மின்சாரமன்று.

குறை எங்கே எனில், இயந்திர முரசிலே என்று தயங்காது கூறலாம். மண்டிங்கா இசையின் தாளம் ஒரே சமயத்தில் மூன்றாகவும் இரண்டாகவும் எண்ணத்தக்கது. எவ்வாறு எண்ணுவது என்னும் உரிமை வாசிப்போனுக்கும் ஆடுவோனுக்கும் விடப்பட்டிருக்கும். இயந்திர முரசு தோன்றுமிடத்து அந்த உரிமை பறிபோகின்றது. ஒரே எண்ணிக்கையை அது ஆணையாக இடுகின்றது. கோரா அதற்கு அடங்கிச் செல்கின்றது என்பதன்று முறைப்பாடு. நெகிழ்ந்து நெகிழ்ந்து இயங்கக்கூடிய கோரா, நெகிழாத ஒன்றின் அருகே தானும் விறைத்துப் போனதாகக் கேட்கின்றது. சுர அமைப்பிலே விட்டுக்கொடுத்தவர் தாள அமைப்பிலே தம்மையறியாமல் மீட்டுக்கொண்டார் போலும். சூசோவின் கையிலே பேசும் முரசு இருக்கும்போது, அதாவது இடுக்கிய வார்களை அழுத்திக் குரலின் ஏற்ற இறக்கத்தையே ஒலிக்கவல்ல ஒரு தோற்கருவி இருக்கும்போது, இயந்திரத்துக்கு அங்கு என்ன வேலை என்று கேட்கத் தோன்றுகின்றது. காலம் கடந்து கேட்கையில் இசைத்தட்டிலே மூப்பெய்தியதாகத் தோன்றுவதும் இந்த ஒலியே, கோரா மூப்படையவில்லை.

வேறொரு கண்டனமும் எழக்கூடும். ஹன்கொக் இதிலே அதிகம் செய்யவில்லை, சூசோவுக்குத் துணை வாசித்தார், எனவே இதனை ஜாஸ் என்பதே பொருந்தாது என்பர் சிலர். ஜாஸ் என்பதைச் சுரக்கட்டு நகர்வு என்றும் தனியாளின் வீரதீரம் என்றும் வரையறுத்தால் அவ்வாறு கூறலாம். ஆனால் செவிமடுத்தலும் அக்கணத்திலேயே விடையிறுத்தலும் ஜாஸின் உயிர்நிலை எனக்கொண்டால், ‘ரொக்கிற்’ துண்டைவிட இது ஜாஸுக்கு நெருக்கமானது. மறுபுறத்தே, ஜலியின் கலையை மின்கருவியோடு சேர்த்து மரபை மாசுபடுத்தினர் என்போரும் உளர். அவர்களுக்கு நைலோன் இழையை நினைவூட்டுதல் போதும்.

இவ்விசைத்தட்டு வெளிவந்த காலத்தையும் நோக்கவேண்டும். 1986இல் பால் சைமனின் ‘கிரேஸ்லாண்ட்’ தென்னாபிரிக்க இசைஞரைக் கொண்டு உலகெங்கும் விலைபோயிற்று. 1987இல் இலண்டனிலே சிறு இசைத்தட்டு நிறுவனத்தார் கூடி, கடைகளில் எந்தத் தட்டில் அடுக்குவதென்ற இடர்ப்பாட்டைத் தீர்க்க ‘உலக இசை’ என்னும் விற்பனைப் பெயரை நிலைநிறுத்தினர். ‘வில்லேஜ் லைஃப்’ அவ்வலைக்குச் சற்று முந்தியது. அதற்கென ஆயத்தமான அடுக்கு எதுவும் கடையில் இருக்கவில்லை. அதனால் ஒரு நன்மையும் விளைந்தது எனலாம்: சூத்திரம் ஒன்று உருவாகுமுன்னரே அது ஆக்கப்பட்டுவிட்டது. ஹன்கொக்கும் சூசோவும் பின்னர் பெரிய குழுவொன்றோடு மேடையில் வாசித்த ‘ஜாஸ் ஆபிரிக்கா’ பதிவிலே தாளக் கலைஞர் பலர் சேர்ந்தனர். கிளர்ச்சி மிகுந்தது, இருவர் மட்டும் இருந்த அறையின் நுட்பம் கைநழுவியது.

சூசோவின் பிற்காலச் செய்தி ஒன்று இங்கு பொருந்தும். 1989இல் ஜான் ஜெனேயின் நாடகம் ஒன்றுக்கு அமெரிக்க இசையமைப்பாளர் பிலிப் கிளாஸும் சூசோவும் சேர்ந்து இசை அமைத்தனர். தொடக்கத்திலே இருவரும் சுருதி கூட்ட அமர்ந்தபோது, கோராவின் முதல் நரம்பின் சுரத்துக்கு என்ன பெயர் என்று கிளாஸ் வினவினார். அது முதலாவது என்றார் சூசோ. அடுத்ததன் பெயரைக் கேட்டபோது, அது அடுத்தது என்றார்; அதற்கடுத்ததுவும் அவ்வாறே. சுரங்களுக்குத் தனிப்பெயர் இன்றியே இப்பேரிசை இயங்குகின்றது என்பதை உணர்ந்தபோது, சிறுவயது முதல் தாம் உறுதியாக நின்ற தரை அசைந்ததுபோல இருந்ததாகக் கிளாஸ் பின்னர் தமது நினைவு நூலிலே எழுதினார். ஐந்து ஆண்டுகளுக்கு முன்னர் ரோக்கியோவின் ஒலிப்பதிவுக் கூடத்திலே, பன்னிரு கட்டைகளின் முன் அமர்ந்திருந்த ஹன்கொக்கின் காலடியிலும் அந்தத் தரை அசைந்திருக்க வேண்டும். ‘கனத்தெந்தே’யின் நடுப்பகுதியிலே, விசைப்பலகை சற்றுத் தாமதித்து, கோராவின் அடுத்த சுழற்சிக்காகக் காத்திருக்கும் இடங்களிலே அது நமக்கும் கேட்கிறது.